"போன்லதான் இருக்கு டீச்சர், எங்கன்னுதான் தெரியல"



இது கொஞ்சம் நீண்ட பதிவு. வேலை முடிந்து வந்து, பிள்ளைகளுக்குச் சாப்பாடு கொடுத்து, ஆறுதலாக இருக்கும் நேரத்தில் வாசியுங்கள். முடிந்தால் வீட்டில் படிக்கிற பிள்ளையையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். போனைக் கையில் எடுத்துச் செய்து பார்க்கும் வேலையும் இதில் இருக்கிறது.

முதலில் என் பிழை ஒன்றைச் சொல்லிவிடுகிறேன்.

சில வருடங்களுக்கு முன் எங்கள் பாடசாலையில் ஓ.எல். முடித்த ஒரு பிள்ளை ஒரு பயிற்சி நெறிக்கு விண்ணப்பித்திருந்தாள். கெட்டிக்காரப் பிள்ளை. அவளிடம் சொந்தமாகப் போன் இல்லை. விண்ணப்பத்தில் என் நம்பரைத்தான் போட்டோம். நேர்முகப் பரீட்சைக்கான கடிதம் ஒரு நாள் காலையில் எனக்கு வாட்ஸ்அப்பில் வந்தது. நான் பஸ்ஸில் நின்றுகொண்டிருந்தேன். ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் அந்தக் கடிதத்தை அப்படியே அவளுடைய அம்மாவின் போனுக்கு அனுப்பிவிட்டேன். ஒரு வார்த்தை எழுதவில்லை. என் கடமை முடிந்தது என்று நினைத்தேன்.

அன்றைக்கே அந்த அம்மாவின் போனுக்கு வகுப்புக் குழுவில் நேரசூசி வந்தது, லீவு அறிவித்தல் வந்தது, யாரோ அனுப்பிய காலை வணக்கப் படங்கள் வந்தன. இவற்றுக்கு நடுவில் என் கடிதம். அதன் பெயர் என்ன தெரியுமா? "டி.ஓ.சி.", ஒரு கோடு, எட்டு இலக்கங்கள், இன்னொரு கோடு, "டபிள்யூ.ஏ. 0007". கொழுந்து எடுத்துவிட்டு வந்து களைப்போடு போனைப் பார்க்கிற ஒரு தாய்க்கு அந்தப் பெயர் என்ன சொல்லும்? இதுவும் பாடசாலை அறிவித்தல் என்று நினைத்துத் திறக்காமல் விட்டிருக்கிறார்.

நேர்முகப் பரீட்சை செவ்வாய்க்கிழமை. புதன்கிழமை அந்தப் பிள்ளை என்னிடம் வந்து, "இன்னும் லெட்டர் வரலியா டீச்சர்?" என்று கேட்டாள். எனக்கு வயிறு கலங்கியது. பின்னேரம் அவர்கள் வீட்டுக்குப் போனேன். "நீங்க அனுப்பினது எல்லாம் போன்லதான் இருக்கு டீச்சர், எங்கன்னுதான் தெரியல" என்றார் அந்த அம்மா. போனை வாங்கித் தேடினேன். அனுப்பின எனக்கே கண்டுபிடிக்க இருபது நிமிடம் போனது.

மறுநாள் அந்த நிறுவனத்துக்கு அழைத்துப் பேசினோம். மரியாதையாகத்தான் பதில் சொன்னார்கள்: அடுத்த தொகுதிக்கு விண்ணப்பியுங்கள். ஒரு வருடம். அந்த ஒரு வருடத்தில் அவள் பதுளையில் ஒரு புடவைக் கடையில் நின்றாள். வீட்டில் கலியாணப் பேச்சும் வந்து போனது. அடுத்த வருடம் மறுபடி விண்ணப்பித்து இடம் கிடைத்தது, அல்ஹம்துலில்லாஹ். ஆனால் போன வருடம் போனதுதான்.

ஆசிரியர் அறையில் இதைச் சொன்னபோது, "இந்தப் பெற்றோருக்குப் பொறுப்பே இல்லை" என்று ஒருவர் சொன்னார். எனக்கு அது சரியாகப் படவில்லை. பொறுப்பில்லாமல் நடந்தது நான். ஒரு பைலுக்கு அது என்ன, யாருக்கு, எப்போதைக்கு என்று சொல்லும் பெயரை வைப்பது அனுப்புகிறவரின் கடமை. பெறுகிறவர் தோண்டித் தேடிக் கண்டுபிடிக்கட்டும் என்று விடுவது அநியாயம். நான் இந்தப் பதிவில் சொல்ல வருவது இதைத்தான்.

கடதாசியின் பெறுமதி தெரியாத சனம் இல்லை நம் சனம். தோட்டத்து வீடுகளுக்குப் போனால் கட்டிலுக்குக் கீழே ஒரு ட்ரங்குப் பெட்டி இருக்கும். அதற்குள் பொலித்தீன் பையில் சுற்றிய கடதாசிகள். பிறப்புச் சான்றிதழ் ஒரு பையில், ஈ.பி.எப். சம்பந்தமானது ஒரு பையில், தாத்தாவின் பிரஜாவுரிமைக் கடதாசி மஞ்சள் துணியில். எழுத்து வாசிக்கத் தெரியாத பாட்டியும் இருட்டில் கையை விட்டுச் சரியான கடதாசியை எடுத்துத் தருவார். எது எந்தத் துணியில், எந்த முடிச்சில் என்று அவருக்குத் தெரியும். நூலகத்தில் புத்தகத்துக்கு இலக்கம் ஒட்டி வைப்பதும் இதே வேலைதான்.

அப்படிப் பாதுகாத்ததற்குக் காரணம் இருந்தது. 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தபோது, பிறந்ததையும் தகப்பன் பிறந்ததையும் கடதாசியால் நிரூபிக்கச் சொன்னார்கள். நிரூபிக்க முடியாத இலட்சக்கணக்கான மலையகத் தமிழர் நாடற்றவர் ஆனார்கள். 1964 இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தில் 975,000 பேரைக் கணக்குப் போட்டு, 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 150,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று பிரித்தார்கள். எஞ்சியிருந்தவர்களின் பிரச்சினைக்கு 2003 ஆம் ஆண்டுச் சட்டம் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஒரு கடதாசி இருந்ததா இல்லையா என்பதில் ஒரு குடும்பம் எந்த நாட்டில் வாழும் என்பது தொங்கிய காலம் அது. அந்தப் பாட்டியின் மஞ்சள் துணிக்கு அவ்வளவு பெறுமதி.

இப்போது அந்த ட்ரங்குப் பெட்டி போனுக்குள் வந்துவிட்டது. அடையாள அட்டையின் படம், பெறுபேற்றுத் தாள், கிளினிக் கொப்பி, வங்கிப் புத்தகத்தின் முதல் பக்கம் எல்லாம் போனில். ஆனால் துணியும் முடிச்சும் மட்டும் வரவில்லை. எல்லாக் கடதாசியையும் ஒரே சாக்கில் கொட்டி, மேலே காலை வணக்கப் படங்களையும் கொட்டிக் குலுக்கியது போல் இருக்கிறது.

சரி. அந்தச் சாக்குக்குள் இருக்கிற பெயர்களை வாசிக்க முடியுமா? முடியும். அவை மந்திரம் இல்லை. பெயர் வைத்தது மெஷின் என்றாலும் அதற்கும் ஓர் ஒழுங்கு இருக்கிறது.

அன்ட்ரொய்ட் போனில் வாட்ஸ்அப் வைக்கும் பெயரை எடுங்கள். முதலில் மூன்று ஆங்கில எழுத்து. "ஐ.எம்.ஜி." என்றால் படம். "வி.ஐ.டி." என்றால் வீடியோ. "டி.ஓ.சி." என்றால் ஆவணம். "பி.டி.டி." என்றால் அழுத்திப் பிடித்துப் பேசி அனுப்பிய குரல். அடுத்த எட்டு இலக்கம் திகதி: நான்கு வருடம், இரண்டு மாதம், இரண்டு நாள். 20240115 என்றால் 2024 ஜனவரி 15. கடைசியில் "டபிள்யூ.ஏ." என்பது வாட்ஸ்அப்பின் சுருக்கம். அதற்குப் பின்னால் வருவது அன்றைய வரிசை எண். 0000 இலிருந்து தொடங்கும், மறுநாள் மறுபடி 0000.

ஒன்றை மட்டும் கவனியுங்கள். அந்தத் திகதி போனுக்கு வந்த திகதி. படம் எடுத்த திகதி இல்லை. 2019 இல் எடுத்த சான்றிதழின் படத்தை நேற்று யாராவது அனுப்பினால் நேற்றைய திகதியில்தான் கிடக்கும். "அது பழைய படமாச்சே" என்று பழைய மாதத்தில் தேடிப் பயனில்லை. யார், எப்போது அனுப்பினார் என்று யோசித்துத் தேட வேண்டும்.

உங்கள் போன் கமராவில் எடுத்த படத்தின் பெயரில் பெரும்பாலும் திகதிக்குப் பின்னால் ஆறு இலக்கம் இருக்கும். அது நேரம். 081532 என்றால் காலை 8 மணி 15 நிமிடம் 32 செக்கன். பெயரின் முடிவில் அடைப்புக்குள் 1, 2 என்று இருந்தால், அதே பெயரில் இன்னொன்று ஏற்கனவே இருக்கிறது என்று பொருள். ஒரே கடிதத்தை மூன்று தரம் டவுன்லோட் செய்திருப்பீர்கள்.

இன்னொரு விசித்திரமான பெயர் உண்டு. பழைய கணினிகளில் பாமினி எழுத்துருவில் தட்டச்சுச் செய்து பழகியவர்கள், பைலுக்குப் பெயர் வைக்கும்போதும் அதே பழக்கத்தில் தட்டிவிடுவார்கள். பைலின் பெயர் பாமினியில் தெரியாது. "அம்மா" என்று தட்டியது எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்று ஆங்கில எழுத்துகளாக நிற்கும். எங்கள் பாடசாலைக் கணினியில் இப்படிப் பத்துப் பதினைந்து பைல்கள் கிடந்தன. வைரஸ் என்று நினைத்து அழிக்கப் போனோம். ஒரு மூத்த ஆசிரியர் பார்த்துவிட்டுச் சிரித்தார். "இது நாலாம் ஆண்டு வினாத்தாள் பிள்ளை" என்றார். விசைப்பலகை அவர் விரலில் இருந்தது, அதனால் கண்ணால் வாசித்துவிட்டார். அவர் ஓய்வு பெற்ற பிறகு யார் வாசிப்பது?

குழப்பமாகத் தெரிகிற இலக்கத்துக்குள் அர்த்தம் இருக்கும் என்பதற்கு உங்கள் பொக்கட்டிலேயே சாட்சி இருக்கிறது. அடையாள அட்டையை எடுங்கள். 2016 முதல் வந்த 12 இலக்க அட்டை என்றால் முதல் நான்கும் பிறந்த வருடம். அடுத்த மூன்றும் அந்த வருடத்தில் நீங்கள் பிறந்தது எத்தனையாவது நாள் என்பது. பெண் என்றால் அதோடு 500 ஐக் கூட்டியிருப்பார்கள். 1990 பெப்ரவரி 1 ஆம் திகதி பிறந்த ஆணுக்கு 1990032 என்று தொடங்கும், பெண்ணுக்கு 1990532 என்று தொடங்கும். பழைய அட்டையில் வருடத்துக்கு இரண்டு இலக்கம் மட்டும், மற்றபடி அதே கணக்கு. வகுப்பில் இதைச் சொல்லிக் கொடுத்த நாளில் பிள்ளைகள் வீட்டில் எல்லாருடைய ஐ.சி.யையும் வாங்கிக் கணக்குப் பார்த்தார்களாம். ஒரு தடவை வழி தெரிந்துவிட்டால் இலக்கம் பயம் காட்டாது.

இனி, தொலைந்ததைத் தேடுவது. பதறி எல்லாவற்றையும் மேலும் கீழுமாகத் தள்ளிக்கொண்டிருக்காமல் ஓர் ஒழுங்கில் தேடுங்கள்.

முதலில், அனுப்பியது யார் என்று யோசியுங்கள். வாட்ஸ்அப்பில் அவருடைய பக்கத்தைத் திறந்து, மேலே இருக்கும் அவர் பெயரைத் தொடுங்கள். அவர் அனுப்பிய படங்கள், ஆவணங்கள், இணைப்புகள் தனித்தனியாக வரும். பேச்சையும் காலை வணக்கத்தையும் தாண்டாமல் ஆவணங்களை மட்டும் பார்க்கலாம். தொலைந்தவற்றில் அதிகமானவை இங்கேயே கிடைத்துவிடும்.

ஆள் ஞாபகம் இல்லை, நாள் ஞாபகம் இருக்கிறது என்றால், போனில் பைல்ஸ் என்ற செயலியைத் திறந்து தேடும் இடத்தில் அந்தத் திகதியை எட்டு இலக்கமாக அடியுங்கள். அன்று வந்ததெல்லாம் வரிசையாக நிற்கும். இப்போது புரிகிறதா, அந்த எட்டு இலக்கத்தை வாசிக்கத் தெரிந்தால் என்ன லாபம் என்று? சரியான நாள் தெரியாவிட்டால் வருடமும் மாதமும் போதும், ஆறு இலக்கம்.

நீங்கள் யாருக்கோ அனுப்பியது என்றால், வாட்ஸ்அப்பின் போல்டருக்குள் அனுப்பியவை தனியாக ஒரு போல்டரில் இருக்கும். கொமினிகேஷன் கடைக்கு அச்செடுக்க அனுப்பிய சான்றிதழ்கள் அங்கே இருக்க வாய்ப்பு அதிகம்.

அழித்துவிட்டோம் என்று தோன்றினால் உடனே குப்பைத் தொட்டியைப் பாருங்கள். கூகுள் போட்டோஸில் அழித்தது உடனடியாகப் போகாது. கூகுள் கணக்கில் சேமிக்கப்பட்டிருந்த படம் என்றால் 60 நாள் தொட்டியில் இருக்கும். கூகுள் டிரைவில் 30 நாள். அதற்குள் கேட்டால் திரும்ப எடுக்கலாம். "மெமரி நிரம்பிவிட்டது" என்று பிள்ளை கொத்தாக அழித்திருந்தால், திட்டுவதற்கு முன்னால் தொட்டியைப் பாருங்கள். திட்டுவதைப் பிறகும் செய்யலாம்.

வந்த ஆவணத்தைத் திறக்காமல் டேட்டா மிச்சம் பிடிக்கலாம் என்று விட்டு வைக்காதீர்கள். நம் பக்கத்தில் சிக்னல் எப்படி என்று எல்லாருக்கும் தெரியும், ரீலோட் விலையும் தெரியும். ஆனாலும் டவுன்லோட் செய்யாமல் நாட்கணக்கில் விட்டால், பிறகு தொடும்போது "மறுபடி அனுப்பச் சொல்லுங்கள்" என்று வரும். பெயர் திரையில் இருக்கும், பொருள் இருக்காது.

"ஏன் டீச்சர் இவ்வளவு? சேர்ச் பண்ணினால் வந்துவிடுமே" என்று இளைஞர்கள் கேட்பார்கள். கேள்வி நியாயமானது. ஆனால் தேடுகிற மெஷின், நாம் எங்காவது எழுதி வைத்த சொல்லைத்தான் தேடும். படத்தில் இருக்கும் அச்செழுத்தைப் புதிய போன்கள் ஓரளவு வாசிக்கின்றன, உண்மை. ஆனால் நம் பெற்றோரின் பழைய பிறப்புச் சான்றிதழ்கள் மையால் கையெழுத்தில் எழுதியவை. மனிதரே கண்ணைச் சுருக்கி வாசிக்க வேண்டிய எழுத்து. அதை மெஷின் வாசிக்கும் என்று நம்பி இருக்க முடியாது.

பெயரே ஒழுங்காக இல்லை என்பது நமக்கு இன்னொரு பிரச்சினை. லெட்சுமி, லட்சுமி, லெச்சுமி. செக்ரோலில் ஒன்று, பிறப்புச் சான்றிதழில் ஒன்று, ஐ.சி.யில் ஒன்று. ஈ.பி.எப். எடுக்கப் போகும்போது மூன்றும் ஒரே ஆள்தான் என்று நிரூபிக்க அலைகிறவர்களை எல்லாருக்கும் தெரியும். முஸ்லிம்களுக்கும் இது உண்டு. முகம்மது, முஹம்மத், மொஹமட் என்று என் வாப்பாவின் பெயரே மூன்று இடத்தில் மூன்று விதம். பெயரால் தேடினால் கிடைக்காதது இலக்கத்தால் தேடினால் கிடைக்கும். பிரதேச செயலகத்தில் பிறப்புச் சான்றிதழின் பிரதி எடுக்கும்போதும் அப்படித்தான். பதிவு இலக்கமும் பதிந்த திகதியும் தெரிந்தால் வேலை சுலபம். தெரியாவிட்டால் பதிவேடுகளைப் புரட்டித் தேட வேண்டும். நேரமும் போகும், கட்டணமும் கூடும். ஆகவே வீட்டில் ஒவ்வொருவரின் பிறப்புப் பதிவு இலக்கம், திகதி, ஐ.சி. நம்பர், ஈ.பி.எப். உறுப்பினர் இலக்கம் ஆகியவற்றை ஒரு கொப்பியில் பேனையால் எழுதி வையுங்கள். சார்ஜ் தேவைப்படாத ஒரு பதிவு கட்டாயம் இருக்க வேண்டும்.

ஏன் கொப்பியும் வேண்டும், போனும் வேண்டும்? மண் யாரையும் கேட்டுக்கொண்டு சரிவதில்லை. 2014 ஒக்டோபர் 29 காலை கொஸ்லாந்தை மீரியபெத்தையில் லயங்களோடு ட்ரங்குப் பெட்டிகளும் மண்ணுக்குள் போயின. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் மழையில் நம் பதுளை மாவட்டத்தில் எத்தனை இடங்களில் மண் சரிந்தது என்று நமக்குத் தெரியும். இரவில் எழுந்து ஓடுகிறவர் கையில் பிள்ளை இருக்கும், போன் இருக்கும். பெட்டி இருக்காது. அந்த நேரத்தில் போனில் இருக்கிற படம்தான் நாம் யார் என்று சொல்லும் முதல் சாட்சி. அதே போல, போன் மழையில் நனைந்தால் கொப்பி சாட்சி. இரண்டும் வீட்டில் என்றால் மூன்றாவதாக ஒரு பிரதி கொழும்பில் வேலை செய்யும் பிள்ளையிடமோ கூகுள் டிரைவிலோ இருக்கட்டும்.

பெரிய இடங்களே இதில் சறுக்கியிருக்கின்றன. 2023 ஓகஸ்டில் இலங்கை அரசாங்கத்தின் மேகக் கணினியில் நடந்த தாக்குதலில், அரச மின்னஞ்சல் முகவரிகள் சுமார் 5,000 பாதிக்கப்பட்டன. மே 17 இலிருந்து ஓகஸ்ட் 26 வரையான காலத்துக்குப் பிரதி இருக்கவில்லை. மூன்று மாதத்துக்கு மேற்பட்ட அரச கடிதங்கள் போய்விட்டன. அமெரிக்காவின் நாசா, மனிதன் நிலவில் முதலில் இறங்கிய நிகழ்வின் மூல நாடாக்களைத் தேடோ தேடென்று தேடிவிட்டு, அவற்றை அழித்து மறுபடி பயன்படுத்தியிருக்கிறோம் போலிருக்கிறது என்று 2009 இல் சொன்னது. அவர்களிடம் பணத்துக்கோ அறிவுக்கோ குறை இருக்கவில்லை. எது எதற்குள் இருக்கிறது, எதை அழிக்கக்கூடாது என்று ஆளுக்கு ஆள் தெரியப்படுத்துவதில் விடுபட்டது.

நல்ல உதாரணமும் நம்மிடமே இருக்கிறது. 1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தது. கிட்டத்தட்ட 97,000 நூல்களும் ஏடுகளும் போயின. 2005 இல் தொடங்கிய நூலகம் என்ற இணையத் திட்டம் ஈழத்து நூல்கள், பத்திரிகைகளை ஸ்கேன் செய்து யாரும் வாசிக்க வைத்திருக்கிறது. மலையக எழுத்துகளும் அதில் உண்டு. அங்கே ஒவ்வொரு நூலுக்கும் ஓர் இலக்கம் இருக்கிறது. அந்த இலக்கத்தோடு தலைப்பு, ஆசிரியர், வெளிவந்த ஆண்டு என்று மனிதர் வாசிக்கிற விபரமும் இருக்கிறது. வெறும் இலக்கத்தோடு விட்டிருந்தால் அது இன்னொரு சாக்குத்தான். வெறும் பெயரோடு விட்டிருந்தால் ஒரே பெயரில் நான்கு நூல் குழம்பும். இரண்டும் சேர்ந்ததால் தேடுகிறவருக்குக் கிடைக்கிறது.

அதையே நம் வீட்டளவில் செய்யலாம். பைலின் பெயரில் மூன்று விடயம்: எப்போது, யாருடையது, என்ன. வருடத்தை முதலில் போடுங்கள், பிறகு மாதம், பிறகு நாள். அப்போதுதான் பெயர் வரிசையில் பார்க்கும்போது காலவரிசையாகவும் நிற்கும். "2024-01-15 மூத்த மகள் பிறப்புச் சான்றிதழ்" என்று தமிழிலேயே எழுதலாம், இப்போதைய போன்கள் ஏற்றுக்கொள்ளும். இணையத்தில் விண்ணப்பத்தோடு ஏற்ற வேண்டும் என்றால் மட்டும் ஆங்கில எழுத்தில் இன்னொரு பிரதி வையுங்கள்; சில இடங்களில் தமிழ்ப் பெயர் கட்டங்கட்டமாக மாறிவிடும்.

"கடைசி", "புதியது", "கடைசி புதியது" என்று பெயர் வைக்காதீர்கள். கல்வியியற் கல்லூரியில் இருந்த காலத்தில் என் பாடத்திட்டங்களுக்கு நான் வைத்த பெயர்கள் இவைதான். சமர்ப்பிக்கிற நாளில் எது கடைசி, எது கடைசிக்கும் கடைசி என்று தெரியாமல் பழையதை அச்செடுத்துக் கொடுத்து விரிவுரையாளரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். திகதி போட்டிருந்தால் அந்த வெட்கம் இல்லை.

ஒரு சின்னத் தொழில் ரகசியம். வாட்ஸ்அப்பின் போல்டருக்குள்ளேயே பெயரை மாற்றினால், வாட்ஸ்அப் பக்கத்தில் அதைத் தொடும்போது காணவில்லை என்று சொல்லும். ஆகவே முதலில் கொப்பி எடுத்து, "வீட்டுக் கடதாசி" என்று தனியாக ஒரு போல்டர் திறந்து அதற்குள் வைத்து, அங்கே பெயரை மாற்றுங்கள். சான்றிதழின் படத்தை அனுப்பும்போதும் படமாக அனுப்பாமல் ஆவணமாக அனுப்புங்கள். எழுத்தும் மங்காது, நீங்கள் வைத்த பெயரும் கூடவே போகும். குழுக்களில் மட்டும் போடாதீர்கள். பிள்ளையின் ஐ.சி. நம்பரும் வங்கிக் கணக்கும் நூறு பேர் போனில் கிடக்கத் தேவையில்லை. கேட்டவருக்குத் தனியாக அனுப்புங்கள்.

இதெல்லாம் பெறுகிறவர் பக்கத்து வேலை. இதைச் சொல்லிவிட்டு நிறுத்தினால் நானும் அந்த ஆசிரியர் அறைப் பேச்சையே பேசியதாகிவிடும். அதனால் என்னைப் போன்றவர்களுக்கு, ஆசிரியர்கள், அலுவலகங்களில் இருப்பவர்கள், சங்கங்களில் கடிதம் அனுப்புகிறவர்கள் எல்லாருக்கும் சொல்கிறேன்.

ஸ்கேன் மெஷின் கொடுத்த பெயரோடு ஒரு கடிதத்தையும் வெளியே விடாதீர்கள். பெயர் மாற்ற நேரமில்லை என்றால் குறைந்தது அதன் கீழே தமிழில் ஒரு வரி எழுதுங்கள்: இது என்ன, யாருக்கு, எந்தத் திகதிக்குள் என்ன செய்ய வேண்டும். கடிதம் சிங்களத்திலோ ஆங்கிலத்திலோ இருந்தால் அந்த ஒரு வரி இன்னும் அவசியம். திகதி உள்ள கடிதம் என்றால் குழுவில் போட்டதோடு விடாமல் ஒரு கோல் எடுங்கள். நமக்கு அரை நிமிட வேலை. அந்த அரை நிமிடத்தை நான் மிச்சம் பிடித்ததால் ஒரு பிள்ளைக்கு ஒரு வருடம் செலவானது. இப்போது நான் எதையும் முதலில் பெயர் வைக்காமல் அனுப்புவதில்லை. பஸ்ஸில் நின்றுகொண்டு அனுப்புவதும் இல்லை.

பிள்ளைகளுக்கும் இதைச் சொல்லிக் கொடுக்க வேண்டும். தகவல் தொழில்நுட்பப் பாடத்தில் கணினியின் பாகங்களை மனப்பாடம் செய்து புள்ளி வாங்குகிறார்கள். தாயின் போனில் ஒரு சான்றிதழைத் தேடி எடுக்கச் சொன்னால் முழிக்கிறார்கள். வீட்டில் முதலாவதாகப் படிக்கிற பிள்ளைகள் இவர்கள். நாளைக்கு அந்த வீட்டின் கடதாசிகளுக்கு இவர்கள்தான் காவல். பாட்டியின் துணியையும் முடிச்சையும் இவர்கள் கையில் கொடுக்க வேண்டியவர்கள் நாங்கள்.

என் பங்குக்கு ஒன்று செய்யலாம் என்று இருக்கிறேன். சனிக்கிழமை காலைகளில் இரண்டு மணித்தியாலம், தாய்மார் போனையும் ட்ரங்குப் பெட்டியில் இருக்கிற கடதாசிகளையும் கொண்டு வாருங்கள். எட்டாம் ஒன்பதாம் ஆண்டுப் பிள்ளைகள் பக்கத்தில் இருந்து படம் எடுத்து, பெயர் வைத்து, கொப்பியில் இலக்கம் எழுதித் தருவார்கள். பெயரை என்ன வைப்பது என்று தாய்தான் சொல்ல வேண்டும், ஏனென்றால் நாளைக்குத் தேடப்போவது அவர். எந்த இடம், எந்த மாதம் வசதி என்று கீழே எழுதுங்கள், பேசி முடிவெடுப்போம், இன்ஷா அல்லாஹ்.

அதுவரைக்கும் இன்றைக்கு இரவு ஒரே ஒரு வேலை. போனைத் திறந்து, வீட்டில் இளைய பிள்ளையின் பிறப்புச் சான்றிதழ் எங்கே என்று தேடுங்கள். இரண்டு நிமிடத்தில் கிடைத்தால் சந்தோசம். கிடைக்காவிட்டால் அதை முதலாவதாகத் தேடி எடுத்து, அந்தப் பிள்ளையின் பெயரிலேயே வையுங்கள்.

அந்த அம்மா போன மாதம் எனக்கு ஒரு படம் அனுப்பினார். மகள் பயிற்சி நிலையச் சீருடையில் நிற்கிறாள். படத்தின் கீழே ஒரு வரி: "டீச்சர், இது எங்க மகள், முதல் நாள் போகும்போது எடுத்தது." என்ன, யார், எப்போது. எனக்கு யாரும் சொல்லித் தராததை அவர் ஒரே வரியில் சொல்லித் தந்துவிட்டார்.